ரசாக் பாய்க்குத் தனி அண்டா

786

கோட்டைமேடு,
கோயம்புத்தூர்.
14.6.1999

அன்பு மகன் தல்ஹாவுக்கு உன் அம்மா நிறைய துஆவோடு எழுதும் கடிதம், அஸ்ஸலாமு அலைக்கும். ஷார்ஜாவின் வெயிலிலும் உன் உடம்புக்கு ஒரு குறையும் வராமல் அல்லாஹ் வைத்திருக்க வேண்டும். இங்கே நானும் உன் தங்கை மிஸ்பாவும் சோறு ஆக்குகிறோம், தின்கிறோம், தூங்குகிறோம், அதைச் சுகம் என்று சொன்னால் சுகம்தான். மிஸ்பாவுக்கு ஏழாவது மாதம், கால் வீங்கி இருக்கிறது, உப்பைக் குறை என்றால் கேட்பதில்லை. மச்சான் வாரத்துக்கு ஒருமுறை வந்து பார்த்துவிட்டுப் போகிறார். அத்தாவின் கறிக்கடையை இப்போது உன் மாமு ஞாயிற்றுக்கிழமை மட்டும் திறக்கிறார். அவருக்கு அறுக்கத் தெரியும், ஆட்களோடு பேசத்தான் தெரியாது. தெருமுனையில் போலீஸ்காரர்கள் இன்னும் உட்கார்ந்திருக்கிறார்கள், பையைத் திறந்து காட்டாமல் காய்கறிகூட வீட்டுக்குள் வராது. போன வருஷம் குண்டு வெடித்ததை ஊர் மறக்கவில்லை, மறக்கவும் விடமாட்டார்கள் போலிருக்கிறது.

இதையெல்லாம் போனில் சொல்லலாமே, ஏன் இத்தனை பெரிய கடிதம் என்று நினைப்பாய். புருஷனை இழந்து இத்தாவில் இருக்கிறவள் வாசல் தாண்டி டெலிபோன் பூத்துக்குப் போக முடியுமா. பக்கத்து வீட்டில் போன் இருக்கிறது, ஆனால் அங்கே நான் பேசினால் அவர்கள் வீட்டுக் கூடம் முழுக்க உட்கார்ந்து கேட்கும். நான் சொல்லப்போவது மற்றவர் காதில் விழக்கூடாது. நீயும் படித்துவிட்டு அறையில் இருக்கிறவர்களிடம் கொடுக்காதே. திருமூர்த்திக் கவுண்டரின் சின்னவன் அருள்குமாரிடம் மட்டும் காட்டு, அவன் எங்கே இருந்தாலும் தேடிப்போய்க் காட்டு. நீ அவனை அறையை விட்டு வெளியே அனுப்பிவிட்டாய் என்று மச்சான் சொன்னார். பெட்டியை எடுத்து வாசலில் வைத்தாயாமே. சொன்னபோது எனக்கு உள்ளுக்குள் கொஞ்சம் சந்தோஷமாகத்தான் இருந்தது, பொய் சொல்லமாட்டேன். என் புருஷனுக்கு அந்த வீட்டில் நடந்ததற்கு இதுவாவது செய்தானே என் மகன் என்று நினைத்தேன். போன திங்கட்கிழமை வரை அப்படித்தான் நினைத்துக்கொண்டு இருந்தேன்.

திங்கட்கிழமை என்ன நடந்தது என்று சொல்வதற்கு முன்னால், மாசி மாதத்தில் நடந்ததைச் சரியாகச் சொல்லிவிடுகிறேன். மச்சான் உனக்குப் பாதிதான் சொல்லியிருப்பார், அவருக்கே பாதிதான் தெரியும். நம் கடைக்கு ஆடு வாங்குகிற திருமூர்த்திக் கவுண்டர் தோட்டத்தில் வருஷா வருஷம் கருப்பராயனுக்குக் கிடா வெட்டி விருந்து போடுவதும், உன் அத்தா போவதும் உனக்குத் தெரிந்ததுதான். நான் கல்யாணமாகி வந்ததிலிருந்து பார்க்கிறேன், ஒரு வருஷமும் தவறியதில்லை. அல்லாஹ் அல்லாத வேறு பெயரைச் சொல்லி அறுத்ததும், சாமிக்கு என்று விட்டதும் நமக்கு ஆகாது, தானாகச் செத்ததும் ரத்தமும் பன்றியும் எப்படி ஆகாதோ அப்படி. அதைக் கவுண்டரும் எந்தக் காலத்திலும் தப்பாக நினைத்ததில்லை. பூசைக்கு முன்னாலேயே ஒரு கிடாவைத் தனியாகப் பிடித்து மாட்டுச் சாலைப் பக்கம் கட்டியிருப்பார், அதற்கு மாலை கிடையாது, மஞ்சள் தண்ணீர் தெளித்துச் சிலிர்க்கிறதா என்று பார்ப்பதும் கிடையாது. உன் அத்தா போய், மேற்கே கிப்லாப் பக்கம் திருப்பி, பிஸ்மில்லா சொல்லி, தன் கையால் அறுத்து வைத்துவிட்டுத்தான் டீ குடிப்பார். அந்தக் கறிக்குத் தனி அடுப்பு, தனி அண்டா, அண்டாவின் காதில் ஒரு பச்சைத் துணி. கூலிச் சமையல்காரன் கரண்டியை மாற்றிப் போட்டுவிடுவான் என்று தெய்வாத்தாளே பக்கத்தில் இருந்து ஆக்குவாள். கவுண்டர் பெண்டாட்டி நல்ல கெட்டிக்காரி என்று உன் அத்தா வீட்டுக்கு வந்து என்னிடமே சொல்லி என்னிடம் வாங்கிக் கட்டிக்கொள்வார்.

நம் வீட்டில் மட்டும் என்ன, அவர்கள் வந்தால் ஆக்குவதற்கென்று மாட்டுக்கறி படாத சட்டியும் கரண்டியும் பரண்மேல் தனியாகத்தான் இருக்கின்றன. நீ சின்னப் பிள்ளையில் அந்தச் சட்டியில் கை வைத்து என்னிடம் அடி வாங்கியிருக்கிறாய். அங்கே உங்கள் அறையிலும் அருள்குமார் வந்ததிலிருந்து பொதுச் சட்டியில் மாட்டுக்கறி போடுவதில்லை என்று நீதான் எழுதியிருந்தாய், அன்றைக்கு உன் அத்தா அந்தக் கடிதத்தை மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டு கடைக்குப் போனார்.

இந்த வருஷம் போகவேண்டாம் என்று நான் காலில் விழாத குறையாகச் சொன்னேன். மற்ற வருஷம் நம் ஆட்களில் சந்தைத் தரகர்கள் இரண்டு மூன்று பேர் கூடப் போவார்கள், இந்த முறை ஒருவரும் வரவில்லை. காலம் அப்படி. ஆனால் கவுண்டர் நேரிலேயே வந்து, ஏனுங்க ரசாக் பாய், நீங்க வராம நான் கிடா வெட்டுனா அது விருந்துங்களா என்று கேட்டுவிட்டாராம். அதற்கப்புறம் இவரைப் பிடிக்க முடியுமா. வெள்ளைச் சட்டை போட்டுக்கொண்டு உக்கடத்தில் பொள்ளாச்சி பஸ் ஏறிப் போய்விட்டார்.

அறுத்தார், டீ குடித்தார், கவுண்டரோடு தென்னைக்கு நடுவில் உட்கார்ந்து பேசினார். பந்தியில் உட்கார்ந்தபோது கவுண்டரின் மூத்தவன் சபரீஷ் வாளியைத் தூக்கிக்கொண்டு வந்து, பாய்க்கு நானே போடறனுங்க என்று இரண்டு தடவை அள்ளிப் போட்டிருக்கிறான். பிள்ளைக்குக் கோபம் தீர்ந்துவிட்டது என்று உன் அத்தா சந்தோஷப்பட்டாராம். சபரீஷின் கூட்டாளி ஒருவன் போன வருஷக் கலவரத்தில் செத்துப்போனான். அதை நான் இல்லை என்று சொல்லவில்லை, அவனும் ஒருத்தி பெற்ற பிள்ளைதான். நம் தெருவிலும் போனவர்கள் இருக்கிறார்கள். ஆனால் உன் அத்தாவா வெடி வைத்தார், உன் அத்தாவா கத்தியைத் தூக்கினார். ஆட்டைத் தவிர எதன்மேலும் கத்தி வைக்காத மனுஷன்.

சாப்பிட்டு முடிக்கிற நேரத்தில் அவன் எதிரே வந்து நின்று, பந்தி முழுக்கக் கேட்கிறமாதிரி, ஏனுங்க பாய், கறி ருசியா இருந்துச்சுங்களா, நீங்க தின்னது எங்க கருப்பராயனுக்கு உட்ட கிடாயுங்க, துணியை மாத்திக் கட்டிப்போட்டமுங்க என்றானாம். மரியாதையில் ஒரு குறை வைக்கவில்லை பார். கூட இருந்த நாலைந்து பேர் சிரித்திருக்கிறார்கள். உன் அத்தா இலையை மடித்தார், கை கழுவினார், ரோட்டுக்கு வந்து பஸ் ஏறிவிட்டார். கவுண்டர் அந்த நேரம் கோயிலில் இருந்தாராம், கேள்விப்பட்டு வந்து சபரீஷைச் செருப்பால் அடித்தாராம், அதில் நமக்கு என்ன வந்தது.

வீட்டுக்கு வந்தவர் வாசலிலேயே வாந்தி எடுத்தார், வெயில் என்றார், நானும் நம்பினேன். ஒரு வாரம் கழித்துக் கறிக்குழம்பை வைத்தபோது தட்டைத் தள்ளிவிட்டார், அன்றைக்குத்தான் சொன்னார். பள்ளிவாசல் ஹஜ்ரத்தை வீட்டுக்கு அழைத்துக் கேட்டோம். தெரியாமல் தின்றதற்குக் குற்றமே இல்லை, பாவம் முழுவதும் கொடுத்தவன் தலையில், நீங்கள் நிம்மதியாகச் சாப்பிடுங்கள் என்று அவர் பொறுமையாக எடுத்துச் சொன்னார். உன் அத்தா கேட்டுக்கொண்டே இருந்துவிட்டு, ஹஜ்ரத், சட்டம் எனக்கும் தெரியுதுங்க, தொண்டைக்குத்தான் தெரியமாட்டேங்குது என்றார்.

பக்ரீத் வந்தது. தெருவில் பாதி வீட்டுக் குர்பானியை அவர்தான் அறுத்தார், ஒவ்வொன்றுக்கும் பிஸ்மில்லா அல்லாஹு அக்பர் என்று குரல் உயர்த்திச் சொன்னார், மற்ற வருஷத்தைவிட உரக்கச் சொன்னார். பங்கு பிரித்து ஏழைகளுக்குக் கொடுத்தார். தனக்கு ரசம் ஊற்றிச் சாப்பிட்டார். நம் சொந்தக் குர்பானியில் ஒரு துண்டு வாயில் வைக்கவில்லை தல்ஹா. நான் ஊட்டிவிடக்கூடப் பார்த்தேன், வேண்டாம் புள்ள, உள்ளே ஏதோ இருக்குது, அதுமேல இதைப் போடக்கூடாது என்றார். பெருநாள் முடிந்து மூன்றாவது வாரம் கடையில் உட்கார்ந்தபடியே சாய்ந்துவிட்டார். டாக்டர் நெஞ்சுவலி என்றார், ரொம்ப நாளாகவே இருதயம் பலவீனம் என்றார். சபரீஷ் கொன்றான் என்று நான் சொல்லமாட்டேன், வாய்வரை வருகிறது, அல்லாஹ்வுக்குப் பயந்து விழுங்கிக்கொள்கிறேன். அடக்கத்தன்றைக்குத் திருமூர்த்திக் கவுண்டர் வந்து கபர்ஸ்தான் வாசலிலேயே நின்றாராம், உன் மாமுதான் கையைப் பிடித்து உள்ளே கூட்டிப்போய் மண் போட வைத்தாராம். நீ வர முடியாமல் போனது. உன் பங்கு மண்ணை அவர் போட்டதாக நினைத்துக்கொள் என்று மாமு சொன்னார், என்னால் அப்படி நினைக்க முடியவில்லை.

இப்போது திங்கட்கிழமைக்கு வருகிறேன். மத்தியானம் தெய்வாத்தாள் தனியாக வந்தாள். போலீஸ்காரன் அவளை எதற்கு இந்தத் தெருவுக்குள் போகிறாய் என்று இரண்டு முறை கேட்டானாம். முக்காட்டோடு மூலையில் உட்கார்ந்திருந்த என்னைப் பார்த்ததும் கீழே உட்கார்ந்து அழுதாள். நான் அழவில்லை, வா என்றும் சொல்லவில்லை. மிஸ்பா டீ கொண்டுவந்து வைத்தாள், அது ஆடை கட்டிப்போய் அப்படியே இருந்தது. தெய்வாத்தாள் சொன்னதை அவள் வாய்ப்படியே எழுதுகிறேன். பாயம்மா, பாய் தின்னது அவர் அறுத்த கிடாதானுங்க, சாமி கிடா இல்லீங்க, நாந்தானுங்க வாளியில ஊத்துனது என்றாள்.

எனக்கு முதலில் புரியவே இல்லை. மறுபடியும் சொல்லச் சொன்னேன். சபரீஷும் அவன் கூட்டாளிகளும் சமையல் கொட்டகைக்கு வந்து பச்சைத் துணியை அவிழ்த்து அடுத்த அண்டாவில் கட்டுவதை அவள் வெங்காயம் உரித்துக்கொண்டே பார்த்திருக்கிறாள். தடுக்கப் பயம். அவன் இப்போதெல்லாம் பெற்றவள் என்று பார்க்காமல் கை ஓங்குகிறானாம். பேசாமல் இருந்துவிட்டு, அவன் வாளியை நீட்டித் துணி கட்டிய அண்டாவிலிருந்து ஊற்று என்றபோது, ஆகட்டும் கண்ணு என்று சொல்லி, அவன் பந்தியை எட்டிப் பார்த்த நேரத்தில் தான் ஆக்கிய அண்டாவிலிருந்தே ஊற்றிக் கொடுத்துவிட்டாள். அவன் ஜெயித்துவிட்டதாக நினைத்துக்கொண்டு போய்ப் போட்டான். அவன் பந்தியில் இப்படிச் சொல்லிக்காட்டுவான் என்று இவளுக்குத் தெரியாது. சத்தம் கேட்டு ஓடிவந்து பார்த்தபோது உன் அத்தா இல்லை, இலை மட்டும்தான் இருந்ததாம்.

ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். தெருவுக்கே கேட்டிருக்கும். அவள் சொன்னாள், தெரிஞ்சும் ஏன் தடுக்கலைன்னு எங்க ஊட்டுக்காரர் என்னையக் கொன்னுபோடுவாருங்க, பையனுக்குத் தெரிஞ்சா ஊட்டை உட்டே போயிருவானுங்க, பாய் வழக்கம்போல ஆடு வாங்க வருவாருங்கல்ல, அப்ப தனியாச் சொல்லிப்போடலாம்னு இருந்தனுங்க என்று. ஒவ்வொரு வாரமும் உன் அத்தா வருகிறாரா என்று தோட்டத்து வாசலில் நின்று பார்த்தாளாம். அவர் எங்கே போவார், அவர் அந்தப் பக்கம் தலைவைத்துப் படுக்கவில்லை. அப்புறம் செய்தி வந்தது, அதற்கப்புறம் சொல்லி என்ன ஆகப்போகிறது என்று வாயை மூடிக்கொண்டாளாம். இப்போது அவளுக்குத் தூக்கம் இல்லை, அதனால் வந்து என்னிடம் இறக்கிவைத்துவிட்டாள். அதிலிருந்து தூக்கம் எனக்குத்தான் போயிற்று.

தல்ஹா, நான் அன்றிலிருந்து நினைத்து நினைத்துப் பார்க்கிறேன். உன் அத்தா தன் கையால் அறுத்ததைத்தான் தின்றார். ஒரு சொட்டுக் குழம்புகூடத் தப்பாக உள்ளே போகவில்லை. அதைத் தெரிந்துகொள்ள ஒரு தபால் கார்டு போதும், ஒரு ஆள் போதும், அவள் பஸ் ஏறி வந்திருந்தால் ஒரு மணி நேரம். அந்த மனுஷன் இல்லாத ஒன்றை வயிற்றில் சுமந்துகொண்டு பெருநாளைக்கு ரசம் ஊற்றித் தின்றுவிட்டுப் போய்விட்டார். குற்றமில்லை என்று ஹஜ்ரத் சொன்னது ஒரு பக்கம், நடக்கவே இல்லை என்று அவரிடம் சொல்லியிருந்தால் அன்றைக்கே தட்டைக் கேட்டிருப்பார், எலும்பைக் கடித்துக்கொண்டே என்னைக் கிண்டல் செய்திருப்பார். நான் அவளிடம் எழுந்து போ என்று சொல்லிவிட்டேன். துரோகி மகனைப் பெற்றவள் நல்லதைச் செய்தாள், அதை எடுத்து ஒளித்து வைத்து அந்த நல்லதையே கெட்டதாக்கிவிட்டாள். அவளைத் திட்டுவதா, கையைப் பிடித்துக்கொள்வதா என்று எனக்கு இன்றுவரை தெரியவில்லை. சபரீஷை மன்னிக்கமாட்டேன். அவளை மன்னித்தேனா என்று நீ கேட்காதே, நான் என்னையே இன்னும் கேட்டுக்கொள்ளவில்லை.

எழுந்து செருப்பைப் போடும்போது அவள் ஒன்றே ஒன்று கேட்டாள். சின்னவன் அருள்குமார் போன் பண்ணி ஒரு மாதத்துக்குமேல் ஆயிற்றாம். கம்பெனிக்குக் கூப்பிட்டால் வேலைக்கு வருவதில்லை என்கிறார்களாம். உங்க பையன்கிட்ட மட்டும் கேட்டுச் சொல்லுங்க பாயம்மா, அவன் உசுரோட இருக்கிறானான்னு மட்டும் கேட்டுச் சொல்லுங்க என்றாள். நான் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டேன். அவள் போய்விட்டாள். மிஸ்பா அன்றைக்கு என்னோடு பேசவில்லை.

நீ அவனை அனுப்பியபோது உனக்கு இதெல்லாம் தெரியாது, உன்னைக் குற்றம் சொல்லவில்லை. எனக்கும்தான் தெரியாது, தெரியாமல் சந்தோஷப்பட்டேன். ஆனால் இப்போது தெரிந்துவிட்டது அல்லவா. அவனுக்கு விசா வாங்கிக் கொடுக்கச் சொன்னதே உன் அத்தாதான், நம்ம தல்ஹா இருக்கானுங்க, நீங்க பயப்படாம அனுப்புங்க என்று கவுண்டரிடம் சொல்லி அனுப்பி வைத்தார். அங்கே அவனுக்கு உன்னை விட்டால் வேறு யாரைத் தெரியும். அண்ணன் செய்ததற்கு அவன் என்ன செய்வான், அவன் இங்கேயா இருந்தான். இந்த வெயிலில் அவன் எந்த வண்டிக்கடியில் படுத்திருக்கிறானோ, யார் சட்டியில் என்ன தின்கிறானோ, தின்கிறானோ இல்லையோ. கம்பெனி, ஆஸ்பத்திரி, போலீஸ் எல்லா இடத்திலும் கேள். நம் ஊர் ஆட்கள் வெள்ளிக்கிழமை கூடுகிற இடத்தில் கேள். லீவு கிடைக்கவில்லை என்று எனக்கு எழுதாதே.

அவனைப் பார்த்ததும் இந்தக் கடிதத்தைக் கையில் கொடு. என் கையெழுத்து அவனுக்குப் புரியவில்லை என்றால் நீயே படித்துக் காட்டு. உன் அம்மா என் அத்தாவுக்குத் தப்பான கறியைப் போகவிடாமல் காத்தவள் என்று முதலில் சொல். என் அம்மா அவளை எழுந்து போகச் சொல்லிவிட்டாள் என்பதையும் மறைக்காமல் சொல். இரண்டையும் கேட்டுவிட்டு அவன் உன்னோடு வர விரும்பினால் கூட்டி வா. வரவில்லை என்றால் அவன் பக்கத்தில் நீ போய் உட்கார்.

ஐந்து வேளையும் தொழு, அத்தாவுக்காக யாசீன் ஓதுவதை நிறுத்தாதே, வெயிலில் வெறும் வயிற்றோடு வேலைக்குப் போகாதே. மிஸ்பாவின் பிரசவத்துக்கு நீ வர வேண்டாம், இங்கே நாங்கள் பார்த்துக்கொள்வோம். அல்லாஹ் உன் கையால் யாருக்கும் தீங்கு வராமலும், உனக்கு யாராலும் தீங்கு வராமலும் வைக்கட்டும். தெய்வாத்தாளுக்கு நான் ஒரு பதில் சொல்லி அனுப்ப வேண்டும், அந்தப் பதில் உன்னிடம்தான் இருக்கிறது. அருள்குமார் சாப்பிட்டான் என்று எழுது. நீ சாப்பிட்டாயா என்று அதற்கப்புறம் கேட்கிறேன்.

துஆவோடு,
உன் அம்மா
ரம்ஜான் பீவி